ஜெனரல் மானேஜருக்கு மூச்சு வாங்குகிறது

"இன்னும் கொஞ்ச தூரம்தான், ரொம்ப ஈஸி" என்று மஞ்சள் கொடி பிடித்த மிஸ் லீ சொன்னது அன்று காலையில் நான்காவது தடவை. முதல் தடவை சோலையப்பன் நம்பினார். இப்போது, ஊசி போடுவதற்கு முன்னால் நர்ஸ் சொல்கிற சமாதானம் அது என்று புரிந்துவிட்டது.

சோங்சிங் என்ற அந்தச் சீன ஊரை யார் கட்டினார்களோ, சமதரையில் கட்டி முடித்துவிட்டு அப்புறம் அடியில் ஜாக்கி கொடுத்துக் கண்டபடி தூக்கியிருக்கிறார்கள். தெரு என்று நினைத்து நின்றால் அது ஒரு கட்டடத்தின் மொட்டைமாடி. கட்டடத்துக்குள் நுழைந்து லிஃப்டில் பதினோராம் மாடிக்குப் போனால் அங்கே இன்னொரு தெரு, அதில் பஸ் ஓடுகிறது. எங்கேயோ கீழே ஓர் ஆறு காப்பி நிறத்தில் போய்க்கொண்டிருந்தது. வளைகுடா அஜ்மானில் பத்தொன்பது வருஷம் குப்பை கொட்டிய சோலையப்பனுக்கு மேடு என்றால் ஸ்பீட் பிரேக்கர்தான்.

"மிஸ்டர் ஜெனரல் மானேஜர், ஆர் யூ ஓகே?" என்றாள் மிஸ் லீ.

யாரைக் கேட்கிறாள் என்று சோலையப்பன் திரும்பிப் பார்த்தார். பிறகு ஞாபகம் வந்து, "ஓகே, ஓகே" என்றார்.

அவர் ஜெனரல் மானேஜராகி இருபத்திரண்டு நாள்தான் ஆகிறது. அஜ்மான் இண்டஸ்ட்ரியல் ஏரியாவில் கீழக்கரை கௌஸ் முகம்மது நடத்துகிற ஜெனரேட்டர் கடையில் அவர் ஸ்டோர்கீப்பர். விசாவில் அவர் தொழில் கார்பெண்டர். 1988-இல் அந்த விசாதான் கிடைத்தது. அதற்காக அவர் ஓர் ஆணிகூட அடித்ததில்லை. ஜெனரேட்டர் செய்கிற சீனக் கம்பெனி இந்த 2007 ஏப்ரலில் வளைகுடா டீலர்களை விருந்துக்கு அழைத்தபோது, முதலாளியோடு மானேஜரையும் கூட்டிவரச் சொல்லியிருந்தது. கடையில் மானேஜர் கிடையாது. முதலாளி யோசிக்கவே இல்லை, நூறு விசிட்டிங் கார்டு அடித்துவிட்டார். விசாவில் ஒரு தொழில், கார்டில் ஒரு தொழில், செய்வது ஒரு தொழில் என்று ஒரே ஆள் மூன்று பேராகத் திரிவதை வளைகுடாவில் யாரும் விசித்திரமாகப் பார்ப்பதில்லை.

சோலையப்பன் சீனாவுக்கு வந்தது ஊர் பார்க்க இல்லை, ஒரே ஒரு வாக்கியம் சொல்ல. 'மொதலாளி, என் விசாவக் கேன்சல் பண்ணிருங்க, நான் ஊருக்குப் போறேன்.' அவ்வளவுதான். மூன்று வருஷமாக அதை வாய்க்குள் வைத்துக்கொண்டு அலைகிறார். வாயைத் திறந்தால் முதலாளிக்கு எங்கிருந்தாவது போன் வந்துவிடும். போன் வராவிட்டால் கஸ்டமர் வருவான். ஒரு தடவை பாதிவரை சொல்லியும் விட்டார். "ரமலான் முடியட்டும் சோலை, பேசுவோம்" என்றார் முதலாளி. அதற்கப்புறம் மூன்று ரமலான் முடிந்துவிட்டது.

ஊரில் தலைபோகிற காரியம் ஒன்றும் இல்லை. மகள் சந்தியாவுக்குக் கல்யாணம் ஆகிவிட்டது, மகன் ஓசூரில் வேலைக்குப் போகிறான். சோலையப்பனுக்குச் சோர்வு, அவ்வளவுதான். தூங்கி எழுந்தால் போகிற சோர்வு என்றால் வெள்ளிக்கிழமை லீவோடு போயிருக்கும். யாரும் எழுந்திரு என்று சொல்லாத இடத்தில் ஒரு தடவை உட்கார்ந்து பார்க்க வேண்டும். பத்தொன்பது வருஷத்தில் மனைவி பஞ்சவர்ணத்தோடு இருந்த லீவையெல்லாம் கூட்டினால் ஒன்றரை வருஷம் வருகிறது. கிளம்புமுன் போனில் அவள் தெளிவாகச் சொல்லிவிட்டாள்: "சீனாவுல ஒங்க மொதலாளிக்கு யாரும் போன் பண்ண மாட்டாங்கல்ல? அங்கனயே சொல்லிருங்க. சொல்லலன்னா அந்தூருலயே இருந்துக்கங்க."

ஆக, சோலையப்பனின் விதி இன்றைக்குத் தீர்மானமாக வேண்டும். ஏனென்றால் நாளைக் காலை கம்பெனிக்காரர்கள் ஏஜென்சியை இன்னும் ஐந்து வருஷத்துக்குக் கையெழுத்துப் போட்டுக் கொடுக்கப்போகிறார்கள். கையெழுத்து ஆகிவிட்டால் முதலாளி, "இந்த அஞ்சு வருஷம் மட்டும் சோலை" என்பார். சோலையப்பனும் தலையாட்டுவார். தன் தலையைப் பற்றி அவருக்கு நன்றாகத் தெரியும்.

கம்பெனியின் எக்ஸ்போர்ட் மானேஜர் ஜாங் ஒரு தினுசான ஆள். மீட்டிங் ரூமில் சிரித்துக்கொண்டே தேநீர் ஊற்றுவார், ஒரு கேள்வியும் கேட்க மாட்டார். டீலர்களை இப்படி ஊர் சுற்ற நடக்கவிட்டு, பின்னாலிருந்து பார்த்துக்கொண்டே வருவார். யார் யாரிடம் எப்படிப் பேசுகிறார்கள், யாருக்குத் தெம்பு இருக்கிறது, எல்லாம் அவர் கணக்கில் ஏறும் என்று டீலர்கள் மத்தியில் பேச்சு. பன்னிரண்டு டீலர்களில் அல் ஐன் ஊரில் கடை வைத்திருக்கும் சதக்கத்துல்லா முன்னால் போய்க்கொண்டிருந்தார். காயல்பட்டினத்து இளைஞர், ஓடுவதற்கென்றே தைத்த ஷூ. அஜ்மான் ஏஜென்சியையும் தனக்கே தரும்படி கேட்டு மனுப்போட்டிருப்பவர். ஆனால் மரியாதைக்காரர். பத்துப் படிக்கு ஒரு தடவை திரும்பி, "காக்கா, பைய வாங்க" என்று கௌஸ் முகம்மதுவைப் பார்த்துச் சொல்வார். காக்கா என்றால் அவர்கள் பேச்சில் அண்ணன். அதைக் கேட்டதும் கௌஸ் முகம்மது வேகமாக ஏறுவார்.

முதலாளிக்கு அறுபத்தேழு வயது. போன வருஷம் நெஞ்சில் இரண்டு ஸ்டென்ட் வைத்தது வீட்டாருக்கும் டாக்டருக்கும் சோலையப்பனுக்கும் மட்டும்தான் தெரியும்.

காலையில் முதல் படிக்கட்டிலேயே அது நடந்தது. நாற்பது படி ஏறியதும் முதலாளி கைப்பிடிச் சுவரைப் பிடித்துக்கொண்டு நின்றார். முகம் சாம்பல் பூத்திருந்தது. பின்னால் ஜாங் வந்துகொண்டிருந்தார். முதலாளி மூச்சை ஒரு வாய் இழுத்து, ஜாங்குக்குக் கேட்கும்படி இங்கிலீஷில், "வாட் சோலை, ஆல்ரெடி டயர்டா?" என்று அதட்டினார்.

சோலையப்பன் அந்தக் கணமே படியில் உட்கார்ந்தார். முழங்காலைப் பிடித்துக்கொண்டு, "ஸாரி மொதலாளி" என்று முனகக்கூடச் செய்தார்.

இதற்கு விளக்கம் சொல்ல வேண்டும். அஜ்மான் கடையில் சோலையப்பனின் வேலையில் பாதி ஸ்டோர், மீதி திட்டு வாங்குவது. மோட்டார் புகைந்துவிட்டது என்று கஸ்டமர் கொதித்துக்கொண்டு வந்தால், முதலாளி அவனிடம் பேசவே மாட்டார். உள்ளே பார்த்து, "சோலை, இங்க வா. ஒனக்கு எத்தன தடவ சொல்றது?" என்று ஆரம்பிப்பார். சோலையப்பன் தலையைக் குனிந்து நிற்பார். திட்டு ஏற ஏற, வந்தவன் கோபம் இறங்கும். கடைசியில் அவனே, "மாஃபி முஷ்கில், பரவாயில்லை, அந்த ஆளை விடு" என்று சமாதானம் பண்ணிவிட்டுப் போவான். போனதும் சோலையப்பனுக்கு ஒரு சுலைமானி டீ வரும், மேரி பிஸ்கட்டோடு. மன்னிப்பு என்ற வார்த்தை அந்தக் கடையில் புழங்கியதில்லை, பிஸ்கட் புழங்கியது.

ஆகவே அதட்டல் காதில் விழுந்ததும் உடம்பு தானாகவே உட்கார்ந்துவிட்டது. ஜாங் ஓடிவந்தார். மிஸ் லீ தண்ணீர் பாட்டிலைத் திறந்தாள். ஊர்வலம் மொத்தமும் நின்றது. எல்லோரும் ஜெனரல் மானேஜரையே பார்க்க, முதலாளி பக்கத்தில் நின்று ஆற அமர மூச்சை மீட்டுக்கொண்டார்.

அப்புறம் அது வழக்கமாகிவிட்டது. அறுபது படிக்கு ஒரு அதட்டல், ஒரு உட்காரல். மூன்றாவது தடவை உட்கார்ந்தபோதுதான் சோலையப்பனுக்கு உறைத்தது: நான் என்ன செய்துகொண்டிருக்கிறேன்? உட்காராமல் நின்றால் போதும். முதலாளிக்கு மூச்சு வாங்குவதை ஜாங் பார்த்துவிடுவார். ஏஜென்சி சதக்கத்துல்லாவுக்குப் போகும். ஐந்து வருஷம் என்ற பேச்சே இருக்காது. வாயைத் திறக்காமலே விடுதலை.

அடுத்த தடவை உட்காரக் கூடாது என்று முடிவு செய்தார்.

அடுத்த தடவை, "சோலை" என்ற பாதி அதட்டலிலேயே உட்கார்ந்துவிட்டார். தன் முழங்காலைத் தானே ஒரு கெட்ட வார்த்தை சொல்லித் திட்டிக்கொண்டார். உண்மையில் அந்த முழங்காலுக்கு ஒரு கேடும் இல்லை. தினமும் மோட்டாரைத் தோளில் வைத்து ஸ்டோர் பரணுக்கு ஏணியேறுகிற கால்.

"அடுத்தது எங்கள் ஊரில் ரொம்பப் பழைய இடம். பதினெட்டுப் படி" என்றாள் மிஸ் லீ.

சோலையப்பனுக்கு அப்பாடா என்றிருந்தது. பதினெட்டாம்படிக் கருப்பனைக் கும்பிடுகிற குடும்பம். பதினெட்டு என்றால் பதினெட்டுதான் என்று நம்புகிறவர். வளைவு திரும்பியதும் பார்த்தார். மலையுச்சியிலிருந்து கீழ்த்தெருவரை, துணி காய்கிற கம்பிகளுக்கும் கூரைகளுக்கும் நடுவே படிகள் போய்க்கொண்டே இருந்தன. அவர்கள் நின்றது கீழே.

"இதுவா பதினெட்டு?" என்றார் சோலையப்பன்.

"பேருதானேப்பா" என்றார் முதலாளி. "என்னா ஒனக்கு ஜெனரல் மானேஜர்னு பேரு இல்லையா?"

சிரிக்கப் பார்த்தார், சிரிப்புக்கு மூச்சு போதவில்லை.

பாதி ஏறுவதற்குள் இரண்டு உட்காரல் ஆயிற்று. ஜாங் கவலையாகி, படியோரம் மூங்கில் தடியோடு குந்தியிருந்த ஒருவரைக் கைதட்டிக் கூப்பிட்டார். அந்த ஊரில் சாமான் சுமக்கத் தெருவுக்குத் தெரு இப்படித் தடிக்காரர்கள் உட்கார்ந்திருக்கிறார்கள். வந்தவருக்கு அறுபது வயது இருக்கும், கழுத்தெல்லாம் வெயில். சோலையப்பனின் கைப்பையை வாங்கித் தடியில் மாட்டினார். அதில் ஒரு டவலும் விசிட்டிங் கார்டும்தான் இருந்தன. தடிக்காரர் பையின் கனத்தைப் பார்த்தார், சோலையப்பனின் கையைப் பார்த்தார். காய்ப்புக் காய்த்த கை. லோடு ஏற்றுகிறவனுக்கு லோடு ஏற்றுகிறவனைத் தெரியாதா. தன் உள்ளங்கையை விரித்து ஒரு தடவை காட்டிவிட்டு, முன்னால் ஏறிப் போனார். அன்று முழுக்க சோலையப்பனை நேராகப் பார்த்த ஒரே ஆள் அவர்தான். வெட்கமாகப் போய்விட்டது.

கல்சுவரைப் பிளந்து ஆலமரம் மாதிரி ஒன்று முளைத்திருந்த திருப்பத்தில் ஜாங் முதலாளியைத் தனியே அழைத்தார். சோலையப்பன் நான்கு படி கீழே, வழக்கம்போல முழங்காலைப் பிடித்தபடி. காது நன்றாகவே கேட்டது.

"மிஸ்டர் கௌஸ், நீங்கள் எங்கள் பழைய நண்பர். அதனால் மனம் திறந்து சொல்கிறேன். உங்களுக்குத் தெம்பு இருக்கிறது. ஆனால் உங்கள் ஜெனரல் மானேஜர்... பாவம், நல்லவர், இருந்தாலும் ஐந்து வருஷம் சர்வீஸ் பார்க்க அவரால் முடியாது. அவருக்கு ஓய்வு கொடுத்து ஊருக்கு அனுப்பிவையுங்கள். இளைஞர் ஒருவரை வையுங்கள். நாளைக்கே கையெழுத்து."

சோலையப்பனுக்குக் காது சூடாகிவிட்டது. இதைவிட ஒரு மனுஷன் என்ன கேட்க முடியும்? முதலாளிக்கு ஏஜென்சி, தனக்கு விடுதலை. முதலாளி ஒரே ஒரு 'ஆமாம்' சொன்னால் போதும், பஞ்சவர்ணத்துக்குப் போன் போட்டுவிடலாம். ஆமாம் சொல்லுங்க, மொதலாளி, சொல்லுங்க என்று முழங்காலை இன்னும் கெட்டியாகப் பிடித்து, முகத்தை முடிந்த அளவு நோயாளி மாதிரி வைத்துக்கொண்டார்.

முதலாளி திரும்பி அவரைப் பார்த்தார். வெகுநேரம் பார்த்தார். பிறகு ஜாங்கிடம் பேசினார். பேசியது இங்கிலீஷ்தான், ஆனால் சோலையப்பன் காதில் அது கீழக்கரைத் தமிழாகவே விழுந்தது.

"மிஸ்டர் ஜாங், மூச்சு வாங்குறது அவருக்கு இல்ல, எனக்கு. நெஞ்சுல ரெண்டு ஸ்டென்ட் இருக்கு. நான் நிக்கிறதுக்காக அவரு உக்காருறாரு. அவரு கல்லு மாதிரி இருக்காரு. நான் கடை வச்சிருக்குற வரைக்கும் அவரு இருப்பாரு. ஒங்களுக்கு யோசிக்கணும்னா யோசிச்சுக்கங்க."

ஜாங் முதலாளியின் கையை இரண்டு கைகளாலும் பிடித்துக் குலுக்கினார். மேலிடத்தில் பேசிவிட்டுச் சொல்வதாகச் சொன்னார். வளைகுடாவில் 'இன்ஷா அல்லாஹ்' என்பார்கள், இது சீன இன்ஷா அல்லாஹ். மேலே நின்ற சதக்கத்துல்லா, விஷயம் தெரிந்ததும் நாலுநாலு படியாகத் தாவி இறங்கி வந்தார். "என்ன காக்கா இது, சொல்லப்படாதா?" என்று முதலாளியின் அக்குளில் கைகொடுத்தார். ஏஜென்சி கேட்டு மனுப்போட்டவர் என்பது அவருக்கே அந்த நேரம் மறந்திருந்தது.

படியோரம் பச்சை போர்டில் அரபி எழுத்து மாட்டிய நூடுல்ஸ் கடை ஒன்று இருந்தது. சீன முஸ்லிம் நடத்துகிற கடை. மற்றவர்கள் மேலே போய்விட்டு வரும்வரை இரண்டு பேரும் அங்கேயே இருக்கட்டும் என்று மிஸ் லீ உட்காரவைத்துப் போனாள். தடிக்காரர் பையைக் கொண்டுவந்து மேஜைமேல் வைத்துவிட்டு இறங்கிப் போனார். கடைக்காரர் ஸலாம் சொன்னதும் முதலாளிக்குப் பாதி உயிர் வந்துவிட்டது.

"பாத்தியா, என்னா சொல்றான் பாத்தியா அவன்" என்றார் முதலாளி, சூப்பை ஊதிக்கொண்டே. "ஒன்னய ஊருக்கு அனுப்பணுமாம். நான் விட்ருவேனா? பத்தொம்பது வருஷம். ஏஜென்சி போனா மயிரே போச்சு."

சோலையப்பன் சூப்பைப் பார்த்துக்கொண்டிருந்தார். தனக்காக ஒருத்தர் இருபத்தைந்து வருஷத்து ஏஜென்சியைப் படியில் போட்டுவிட்டு வந்திருக்கிறார். அவரிடம் இப்போது போய் இதைச் சொல்வதா? சொல்லாவிட்டால், இனி எந்தக் காலத்திலும் சொல்ல முடியாது. இன்றைக்குச் செய்த உபகாரம் ஒன்றே போதும், சாகும்வரை அந்த ஸ்டோரில் ஏணியேற.

"மொதலாளி."

முதலாளி சட்டைப்பையில் போனைத் தேடினார். அது ஹோட்டலில் சார்ஜில் கிடந்தது. "லொஹர் தொழுகை நேரமாச்சா?" என்று கடிகாரத்தைப் பார்த்தார். கடிகாரம் இன்னும் அஜ்மான் நேரத்தில், விடிந்து கொஞ்ச நேரம் ஆகியிருந்தது.

"நான் கேன்சல் பண்ணிட்டுப் போயிர்றேன் மொதலாளி."

கடைக்காரர் உள்ளே மாவைப் பலகையில் அடிக்கிற சத்தம் கேட்டது.

"அவன் சொன்னதக் கேட்டு மனசு ஒடஞ்சு பேசுறியா?"

"இல்ல. அவரு ஒங்க வாயில இருந்து ஒரு ஆமா வாங்கிரணும்னு கருப்பனுக்கு நேந்துக்கிட்டு ஒக்காந்திருந்தேன்."

முதலாளி கரண்டியை வைத்தார். "எப்பருந்து?"

"மூணு வருஷமா."

"மூணு வருஷமா நீ வாயில என்னா வச்சிருந்தா?"

"நீங்கதான் ரமலான் முடியட்டும்னீங்க."

"நான் ஒரு ரமலானத்தானப்பா சொன்னேன்."

சோலையப்பனுக்குச் சிரிப்பு வந்தது. அடக்கிக்கொண்டார். முதலாளி சிரிக்கவில்லை. ஈரமான டிஷ்யூவால் முகத்தைத் துடைத்தார், கண்ணோரத்தைக் கொஞ்சம் கூடுதலாகவே துடைத்தார். வாசல் வழியே ஒரு கிழவி காய்கறிக் கூடையோடு, தன் வீட்டுக்குள் நடக்கிற மாதிரி சாவகாசமாகப் படியேறிப் போனாள்.

"அங்க போய் நீ என்னா செய்வா?" என்றார் முதலாளி.

"ஒண்ணும் செய்ய மாட்டேன்."

"ஒண்ணுமேவா?"

"ஒண்ணுமே. கொஞ்ச நாளைக்கு."

முதலாளி அதை யோசித்துப் பார்த்தார். ஒண்ணுமே செய்யாமல் இருப்பது என்பது அவர் இதுவரை ஸ்டாக்கில் வைத்திராத சரக்கு. சூப் ஆறிக்கொண்டிருந்தது.

"எனக்கும் டாக்டர் அதத்தான் சொல்றாரு" என்றார் கடைசியில். "நீ எந்த மாசம் போறா?"

"ஜூலை."

"ஜூலைல போயி ஊர்ல வேகப்போறியா? ஆகஸ்ட்டுல போ."

"ஜூலை, மொதலாளி."

இதுவரை அவரிடம் ஒரு வார்த்தையைச் சோலையப்பன் இரண்டு தடவை சொன்னதில்லை. முதலாளி தலையாட்டினார்.

"கலாஸ், முடிஞ்சுபோச்சு. ஜூலை." தன் கிண்ணத்தில் இருந்த இறைச்சித் துண்டுகளை ஒவ்வொன்றாக எடுத்துச் சோலையப்பன் கிண்ணத்தில் போட்டார். "ஆனா ஒரு விசயம். ஜுலைஹாகிட்ட நீதான் சொல்லணும்."

ஜுலைஹா பீவி முதலாளியின் மனைவி. சீனாவுக்குப் புறப்படும்போது, மாத்திரை டப்பாவைக் கணவர் கையில் தராமல் சோலையப்பன் கையில் தந்தவர்.

"நானா? அவங்ககிட்டயா?"

"பின்ன யாரு? ஒன்னய நம்பித்தான என்னய ஏரோப்ளேன்ல ஏத்துனா."

"நீங்க சொல்லிட்டீங்கன்னா நான் பக்கத்துல வந்து நிக்கிறேன்."

"நீ சொல்லு, நான் நிக்கிறேன்."

இரண்டு பேரும் கொஞ்ச நேரம் ஜுலைஹா பீவியின் முகத்தை நினைத்துப் பார்த்துக்கொண்டு சாப்பிடாமல் இருந்தார்கள். பிறகு சோலையப்பன் இறைச்சித் துண்டுகளில் பாதியை எடுத்து முதலாளி கிண்ணத்திலேயே திருப்பிப் போட்டார்.

"சேந்தே சொல்லுவோம்" என்றார் முதலாளி. "நீ ஆரம்பி."